நட்டஈடு: உயிரின் விலையன்று, நீதியின் கடன்

நவம்பர் மாதம் மரித்தோரின் மாதம். கல்லறைத் திருநாளன்று மெழுகுதிரிகளின் ஒளியில், சிலுவைகளின்மீது பொறிக்கப்பட்டிருக்கும் பிறந்த நாளையும் இறந்த நாளையும் சற்றே கணக்கிட்டுப் பார்ப்போமானால் ஓர் உண்மை நெஞ்சைச் சுடும். எழுபதும் எண்பதும் கண்டு, நோயில் பூசுதல் பெற்று, மக்களும் பேரமக்களும் சூழக் கண்மூடியோர் ஒருபுறம். இருபத்தைந்திலும் முப்பதிலும், காலையில் வேலைக்குப் புறப்பட்டு மாலையில் வீடு திரும்பாதோர் மறுபுறம். இவ்விரண்டாம் வகையினருள் எத்தனை பேரை நம் சாலைகள் விழுங்கின!

2022-ஆம் ஆண்டில் மட்டும் இந்திய நாட்டுச் சாலைகளில் 1,68,491 பேர் உயிரிழந்தனர். அவர்களுள் 17,884 பேர் தமிழ்நாட்டில் மாண்டவர்கள். அதாவது நாளொன்றுக்கு 49 பேர். இத்தகையோரை நினைவுகூரவே நவம்பர் மாதத்தின் மூன்றாம் ஞாயிற்றுக்கிழமையை ஐக்கிய நாடுகளின் பொதுச்சபை 2005-இல் ஏற்றுக்கொண்டது. மரித்தோரின் மாதத்திலேயே அந்நாளும் அமைந்திருப்பது பொருத்தமே.

இறந்தவரின் ஆன்ம இளைப்பாற்றிக்காக நாம் பூசை ஒப்புக்கொடுக்கிறோம். முப்பதாம் நாள் மன்றாட்டையும் மறவாமல் நிறைவேற்றுகிறோம். மிக நன்று. ஆனால் அவர் விட்டுச்சென்ற மனைவி, பள்ளி செல்லும் பிள்ளைகள், மருந்துக்கும் மகன் கையையே எதிர்பார்த்திருந்த முதிய பெற்றோர் ஆகியோர் முப்பத்தோராம் நாள் முதல் எங்ஙனம் வாழ்வர்? அவர்களுக்கு நாட்டின் சட்டம் ஓர் உரிமையை வழங்கியிருக்கிறது. அதுவே நட்டஈடு. அறியாமையாலும் அவசரத்தாலும் காலத் தாழ்ச்சியாலும், சிலவேளை தவறான பக்தி உணர்வாலும் நம் குடும்பங்கள் பல இவ்வுரிமையை இழந்துவிடுகின்றன. ஆகவே, இதனைப் பற்றி ஒளிவுமறைவின்றிப் பேசுவது நம் கடமையாகும்.

பிணத்தின்மேல் பணமா?

துயருற்ற வீடுகளில் இருவகை மறுப்புகள் எழுவது இயல்பு. “அவர் சிந்திய இரத்தத்தை விற்றா நாங்கள் சோறு உண்ண வேண்டும்?” என்பது முதலாவது. “ஓட்டுநரை ஆண்டவர் பெயரால் மன்னித்துவிட்டோம், இனி நீதிமன்றம் ஏறுவது கிறிஸ்தவ மன்னிப்புக்கு இழுக்கன்றோ?” என்பது இரண்டாவது. இவ்விரண்டும் நல்ல உள்ளத்தினின்று எழுபவையே. ஆயினும் இரண்டும் பிழையான முடிவுக்கே நம்மை இட்டுச்செல்கின்றன.

மனித உயிருக்கு விலையில்லை. அதை எந்தத் தீர்ப்பாயமும் நிர்ணயிப்பதுமில்லை. இறந்தவர் உயிரோடிருந்தால் தம் குடும்பத்திற்கு எவ்வளவு உழைத்துக் கொடுத்திருப்பாரோ, அந்த ஆதரவு அறுந்துபோனதற்கே ஈடு கணக்கிடப்படுகிறது. மைந்தனின் படிப்புச் செலவும், மகளின் எதிர்காலமும், தாயின் மருந்தும் இரத்தத்தின் விலையாகுமா? அவை அத்தந்தை தர எண்ணியிருந்த, தரவும் கடமைப்பட்டிருந்த அன்னமல்லவா?

இக்கருத்து வேதாகமத்திற்குப் புதிதன்று. முட்டும் குணமுள்ள மாடு என்று எச்சரிக்கப்பட்ட பின்னும் அதைக் கட்டிவைக்காதவன், அம்மாடு ஒருவனைக் கொன்றால் பொறுப்பேற்க வேண்டும் என்றும், குழி தோண்டி மூடாமல் விட்டவன் அதில் விழுந்த பிராணிக்கு ஈடு செய்ய வேண்டும் என்றும் யாத்திராகமத்தின் 21-ஆம் அதிகாரம் விதிக்கிறது. புது வீடு கட்டுபவன் மாடியைச் சுற்றிக் கைப்பிடிச் சுவர் எழுப்ப வேண்டும் என்று உபாகமம் கட்டளையிடுகிறது. கொல்லும் எண்ணம் இல்லாவிடினும் கவனக்குறைவால் விளைந்த கேட்டிற்குப் பொறுப்பு உண்டு என்பதே இவற்றின் சாரம். ஈட்டுக் கொடுத்தல் நீதி என்னும் புண்ணியத்தின் செயல் என்றும், இழந்ததற்குச் சமமானதைத் திருப்பித்தர இயலாத இடத்தில் இயன்றதையாவது தர வேண்டும் என்றும் புனித அக்குவினாஸ் தோமையார் கற்பித்தார்.

மன்னிப்போ இதயத்தைச் சார்ந்தது. ஓட்டுநர்மீது பகை பாராட்டாதிருப்பதும், அவருக்காக மன்றாடுவதும் மன்னிப்பு. பிள்ளைகளுக்குச் சேரவேண்டியதைக் கேளாதிருப்பது மன்னிப்பாகாது. அது பிறருடைய பொருளைத் தானம் செய்வதை ஒக்கும். மேலும், பெரும்பாலான வழக்குகளில் இத்தொகையைக் கொடுப்பது ஓட்டுநர் அல்லர், காப்பீட்டு நிறுவனமே. வாகன உரிமையாளர்கள் ஆண்டுதோறும் செலுத்தும் கட்டணங்கள் இதற்கென்றே திரட்டப்படுகின்றன. நாம் கேளாதிருந்தால் ஏழை ஓட்டுநருக்கு ஒரு பயனும் இல்லை.

திருப்பீடத்தின் புலம்பெயர்ந்தோர் மேய்ப்புப்பணி மன்றம், சாலையைப் பற்றிய மேய்ப்புப்பணி வழிகாட்டி ஒன்றை 2007-இல் வெளியிட்டது. அதில் வாகனம் ஓட்டுவோருக்கெனப் பத்துக் கட்டளைகள் தரப்பட்டுள்ளன. விபத்துக்குள்ளானோரின் குடும்பங்களுக்கு ஆதரவளிக்க வேண்டும் என்பது அவற்றுள் ஏழாவது. குற்றம் புரிந்த ஓட்டுநரையும் பாதிக்கப்பட்டோரையும் தக்க வேளையில் ஒன்றுசேர்த்து மன்னிப்பின் விடுதலையை அவர்கள் நுகரச் செய்ய வேண்டும் என்பது எட்டாவது. ஆதரவும் மன்னிப்பும் ஒன்றையொன்று விலக்குவன அல்ல. அடுத்தடுத்து நிற்கும் இரு கட்டளைகள்.

சட்டம் கடந்து வந்த பாதை

ஆள் இறந்தால் அவனுக்குரிய வழக்கும் இறந்தது என்பதே முற்காலத்து ஆங்கிலச் சட்டம். குதிரைவண்டி கவிழ்ந்து மனைவியை இழந்த ஒருவர் 1808-இல் இலண்டனில் வழக்குத் தொடுத்தபோது, அவள் உயிரோடிருந்த நாள்களுக்கு மட்டுமே ஈடு உண்டு, மரணத்திற்கு இல்லை என்று தீர்ப்பாயிற்று. காயப்படுத்தியவன் பணம் கொடுக்க வேண்டும். கொன்றவனோ கொடுக்க வேண்டுவதில்லை! இந்த அநீதியை 1846-ஆம் ஆண்டுச் சட்டம் அங்கே நீக்கியது. 1855-இல் அதையொட்டிய சட்டம் இந்தியாவுக்கும் வந்தது.

உரிமை வந்தது; பணம் வரவில்லை. வண்டி உரிமையாளன் வறியவனாயிருந்தால் தீர்ப்பு வெறும் காகிதமே. ஆகவே 1939-ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டம் மூன்றாம் நபர் காப்பீட்டைக் கட்டாயமாக்கியது. அப்பகுதி 1946 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்தது. உரிமையியல் நீதிமன்றங்களில் ஏழைகள் ஆண்டுக்கணக்கில் அலையாதிருக்கத் தனித் தீர்ப்பாயங்கள் அமைக்க 1956-இல் வழி செய்யப்பட்டது.

அடுத்த தடை, ஓட்டுநரின் தவற்றை நிறுவுவது. தமிழ்நாட்டிலிருந்து உச்ச நீதிமன்றம் சென்ற ஒரு வழக்கில், தனியார் பேருந்து ஒன்று இரவு வேளையில் தாழத் தொங்கிய உயரழுத்த மின்கம்பியில் உரசியதால் 26 பேர் பாதிக்கப்பட்டு, அவர்களுள் 8 பேர் அந்த இடத்திலேயே மாண்டனர். ஓட்டுநர் குற்றவியல் வழக்கில் விடுதலையானார்; எனவே நட்டஈடும் இல்லை என்று வாதிடப்பட்டது. நீதியரசர் கிருஷ்ண ஐயர் 1980-இல் அவ்வாதத்தைத் தள்ளினார். குற்றவியல் வழக்கு வேறு, நட்டஈட்டு வழக்கு வேறு என்றும், சிறுசிறு ஐயங்களைக் காட்டி ஏழைகளுக்கு ஈடு மறுக்கலாகாது என்றும் அத்தீர்ப்பு வலியுறுத்தியது. தவறு எவருடையதாயினும் இறப்புக்கு 15,000 ரூபாய் உறுதியாகத் தரவேண்டும் என்ற விதி 1982-இல் சேர்க்கப்பட்டது. இன்று நடைமுறையிலிருப்பது 1988-ஆம் ஆண்டுச் சட்டம். 2019-இல் அது பெரிதும் திருத்தப்பட்டு, நட்டஈடு பற்றிய திருத்தங்கள் 2022 ஏப்ரல் 1 முதல் செயலுக்கு வந்தன.

இரண்டு வாயில்கள்

இன்றைய சட்டத்தில் குடும்பத்தினர்முன் இரண்டு வாயில்கள் உள்ளன.

முதலாவது 164-ஆம் பிரிவு. இதன்படி யார்மீது தவறு என்று நிறுவ வேண்டுவதில்லை. இறப்புக்கு 5 இலட்சம் ரூபாய். கொடுங்காயத்திற்கு 2½ இலட்சம் ரூபாய். தொகை நிலையானது.

இரண்டாவது 166-ஆம் பிரிவு. இங்கே எதிர்த்தரப்பு ஓட்டுநரின் கவனக்குறைவைக் காட்ட வேண்டும். ஆனால் தொகைக்கு உச்சவரம்பு இல்லை. இறந்தவரின் வயது, வருமானம், அவரை நம்பியிருந்தோரின் எண்ணிக்கை ஆகியவற்றைக் கொண்டு அது கணக்கிடப்படுகிறது. இதற்கான முறையை உச்ச நீதிமன்றம் 2009-லும் 2017-லும் வழங்கிய இரு தீர்ப்புகள் வகுத்துள்ளன.

எடுத்துக்காட்டாக ஒரு கொத்தனாரை எண்ணிப் பார்ப்போம். வயது 32, மாத வருமானம் 15,000 ரூபாய், மனைவி, இரு பிள்ளைகள், தாய் என நால்வர் அவரை நம்பியிருக்கின்றனர். ஆண்டு வருமானம் 1,80,000 ரூபாய். அவர் நாற்பது வயதுக்கு உட்பட்ட கூலித் தொழிலாளியாதலால், வருங்கால வருமான உயர்வுக்காக 40 விழுக்காடு, அதாவது 72,000 ரூபாய் கூட்டப்படும். ஆக 2,52,000 ரூபாய். இதில் அவருடைய சொந்தச் செலவுக்கென நான்கில் ஒரு பங்கு கழிக்கப்படும். எஞ்சுவது 1,89,000 ரூபாய். 31 முதல் 35 வயது வரையுள்ளோருக்குப் பெருக்கெண் 16. எனவே குடும்பம் இழந்த ஆதரவு 30,24,000 ரூபாய். இதன்மேல் அடக்கச் செலவுக்கும், உடைமை இழப்புக்கும், வாழ்க்கைத் துணையை இழந்ததற்கும் தனித்தொகைகள் உண்டு. மனு செய்த நாள் முதல் வட்டியும் வழங்கப்படுவது வழக்கம்.

இவ்விரு தொகைகளையும் அருகருகே வைத்துப் பாருங்கள். ஒன்று 5 இலட்சம். மற்றொன்று 30 இலட்சத்திற்கும் மேல். 164-ஆம் பிரிவின் தொகையைக் காப்பீட்டு நிறுவனத்துடன் சட்டமுறைப்படி ஏற்றுக்கொண்டால், தீர்ப்பாயத்திலுள்ள மனு அற்றுப்போகும் என்று சட்டமே கூறுகிறது. அடக்கம் முடிந்த சில வாரங்களில், கடன்காரர் வாசலில் நிற்கும் வேளையில், 5 இலட்சம் பெருஞ்செல்வமாகத் தோன்றும். அப்பொழுது கையொப்பமிட்டுவிட்டால் பிள்ளைகளின் உரிமை அத்துடன் முடிந்தது. தவறு இறந்தவர்மீதே பெரிதும் இருந்தால் முதல் வாயிலே புகலிடம் ஆகலாம். எதிர்த்தரப்பின் தவறு தெளிவாயிருந்தால் இரண்டாவதே நீதியான வழி. எதுவாயினும் தக்க வழக்கறிஞரைக் கேளாமல் எதிலும் கையொப்பமிடலாகாது.

ஆயுள் காப்பீட்டுத் தொகை கிடைத்திருந்தால் நட்டஈடு குறையுமோ என்று சிலர் அஞ்சுவர். குறையாது. இறந்தவர் தம் முன்யோசனையால் சேர்த்ததைத் தவறிழைத்தவர் கணக்கில் கழிக்கலாகாது என்று உச்ச நீதிமன்றம் 1998-இல் தீர்ப்பளித்தது.

அடுக்களையின் உழைப்பு

இறந்தவர் இல்லத்தரசியாயின், “அவர் சம்பாதிக்கவில்லையே, என்ன ஈடு?” என்று கேட்பார் உளர். நாசரேத்தூர்த் திருக்குடும்பத்தைப் போற்றும் நாம் அப்படிக் கேட்கலாமா? நீர் சுமந்தும் மாவரைத்தும் அடுப்பு மூட்டியும் குடும்பத்தைத் தாங்குவது உழைப்பன்றோ? உச்ச நீதிமன்றம் 2021 சனவரியில் இதனைத் தெளிவாக எடுத்துரைத்தது. 2011-ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் வீட்டு வேலையே தம் முதன்மைப் பணி என்று கூறிய பெண்கள் ஏறத்தாழ 16 கோடி. ஆண்களோ 58 இலட்சமே. இதனைச் சுட்டி, இல்லத்தரசியின் பணிக்கு வருமானம் கற்பித்து ஈடு கணக்கிடுவது சலுகையன்று, அப்பணிக்குச் செலுத்தும் மதிப்பு என்று நீதியரசர்கள் உணர்த்தினர். அவ்வாறே, மணமாகாத மகனை இழந்த பெற்றோருக்கும் உரிமை உண்டு. பெற்றோரை இழந்த பிள்ளைக்கும், பிள்ளையை இழந்த பெற்றோருக்கும் பாச இழப்புக்கான தனித்தொகையும் உண்டு என 2018-இல் தீர்ப்பாகியுள்ளது.

மோதிவிட்டு மறைந்த வண்டி

இரவில் மோதிவிட்டு நில்லாமல் ஓடிய வண்டியின் எண்ணைக் கண்டவர் இல்லை. அக்குடும்பத்திற்கு வழியே இல்லையா? உண்டு. 161-ஆம் பிரிவின்கீழ் அமைந்த திட்டப்படி இறப்புக்கு 2 இலட்சம் ரூபாயும், கொடுங்காயத்திற்கு 50,000 ரூபாயும் 2022 ஏப்ரல் 1 முதல் வழங்கப்படுகின்றன. இதற்கு நீதிமன்றம் செல்ல வேண்டுவதில்லை. விபத்து நிகழ்ந்த பகுதியின் வருவாய்த்துறை அதிகாரியிடம், அதாவது கோட்டாட்சியர் அல்லது வட்டாட்சியர் நிலையில் இதற்கென நியமிக்கப்பட்டவரிடம் விண்ணப்பிக்க வேண்டும். மாவட்ட ஆட்சியர் ஆணை வழங்குவார்.

ஆனால் இதை அறிந்தோர் எத்தனை பேர்? கோவையைச் சேர்ந்த எலும்பு மருத்துவ வல்லுநர் இராஜசேகரன் தொடுத்த பொதுநல வழக்கில், உச்ச நீதிமன்றம் 2024 சனவரியில் ஒரு துயரக் கணக்கை எடுத்துக்காட்டியது. 2022-இல் நாட்டில் இத்தகைய விபத்துகள் 67,387. 2022–23-இல் இத்திட்டத்தின்கீழ் வந்த விண்ணப்பங்களோ 205 மட்டுமே. அவற்றுள் தீர்வு கண்டவை 95. கருவூலத்தில் பணம் இருந்தது. கேட்பதற்கு ஆள் இல்லை! வண்டி ஒரு மாதத்திற்குள் கண்டுபிடிக்கப்படாவிட்டால், இத்திட்டத்தைப் பற்றிக் குடும்பத்தாருக்கு எழுத்து மூலம் தெரிவிக்க வேண்டும் என்று நீதிமன்றம் காவல்துறைக்குக் கட்டளையிட்டது. அக்கடிதம் வராவிட்டால் நாமே சென்று கேட்கலாம், கேட்க வேண்டும்.

முதல் சில வாரங்கள்

துயரத்தில் மூழ்கியவர்களுக்குக் காகிதங்களைத் தேடும் வலு இராது. உறவினரோ அன்பியத்தாரோ அப்பணியை ஏற்க வேண்டும். தேவையானவை இவை: முதல் தகவல் அறிக்கையின் நகல், பிரேதப் பரிசோதனை அறிக்கை, இறப்புச் சான்றிதழ், வட்டாட்சியர் தரும் வாரிசுச் சான்றிதழ், மோட்டார் வாகன ஆய்வாளரின் அறிக்கை, எதிர்வண்டியின் பதிவுச் சான்று, காப்பீட்டு ஆவணம், ஓட்டுநர் உரிமம் ஆகியவற்றின் நகல்கள், இறந்தவரின் வயதுக்கும் வருமானத்திற்குமான ஆதாரங்கள்.

இங்கே பங்கின் பதிவேடுகளும் துணை நிற்கும். பள்ளிச் சான்று இல்லாத முதியவருக்குத் திருமுழுக்குப் பதிவேடும், மனைவி என்னும் உறவை நிறுவத் திருமணப் பதிவேடும் ஆதாரங்களாகக் காட்டப்படலாம். கூலி வேலை செய்தவரின் வருமானத்திற்கு, வேலை கொடுத்தவரின் சான்றையும் வங்கிக் கணக்கையும் காலந்தாழ்த்தாமல் பெற்று வைப்பது நன்று.

காவல்துறை மூன்று மாதத்திற்குள் விபத்து அறிக்கையைத் தயாரித்துத் தீர்ப்பாயத்திற்கு அனுப்ப வேண்டும் என்று இப்போதைய சட்டம் கூறுகிறது. அவ்வறிக்கையையே மனுவாகவும் தீர்ப்பாயம் கொள்ளலாம். ஆயினும் அதை நம்பி வாளாவிருத்தல் ஆகாது. விபத்து நிகழ்ந்து 6 மாதத்திற்குள் மனு செய்ய வேண்டும் என்ற கால எல்லை 2022 ஏப்ரல் முதல் சட்டத்தில் மீண்டும் இடம்பெற்றுள்ளது. அதை எதிர்த்து உச்ச நீதிமன்றத்தில் வழக்குகள் தொடரப்பட்டுள்ளன. அவற்றின் முடிவை எதிர்நோக்கி நாள் கடத்துவது அறிவுடைமையன்று. ஆண்டுத் திவசம் முடியட்டும் என்று காத்திருக்க வேண்டாம். வெளியூரில் நிகழ்ந்த விபத்தாயினும் குடும்பத்தார் தாம் வாழும் இடத்துத் தீர்ப்பாயத்திலேயே மனு செய்யலாம்.

மருத்துவமனை வாயிலிலும் காவல் நிலையத்தருகிலும் தரகர் சிலர் வருவர். வருகிற தொகையில் இத்தனை பங்கு என்று பேசி, வெற்றுத்தாள்களில் கையொப்பம் வாங்குவர். இந்நாட்டு வழக்கறிஞர் நெறிமுறைப்படி, கிடைக்கும் தொகையில் பங்கு பேசுதல் தடை செய்யப்பட்டதாகும். பெண்களுக்கும் குழந்தைகளுக்கும், தாழ்த்தப்பட்ட, பழங்குடி மக்களுக்கும் வருமானம் பாராமல் இலவசச் சட்ட உதவி வழங்க 1987-ஆம் ஆண்டுச் சட்டம் வகை செய்கிறது. நீதிமன்ற வளாகங்களில் உள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழுவை அணுகினால் போதும். மக்கள் நீதிமன்றத்தில் சமரசமாக முடிப்பதும் நல்ல வழியே. ஆனால் மேலே கண்டவாறு கணக்கிட்டுப் பார்த்த பின்னரே இசைய வேண்டும்.

காப்பீடு கைவிடும் இடங்கள்

இனிக் கூறுவதை எல்லாக் குடும்பங்களும் கருத்தூன்றிக் கேட்க வேண்டும். எல்லா வண்டிகளிலும் எல்லாருக்கும் காப்பீடு இல்லை.

வேளாங்கண்ணித் திருவிழாவுக்கும் ஊர்த் திருமணத்துக்கும் லாரியிலும் சுமை வண்டியிலும் ஆட்களை ஏற்றிச் செல்வதை நாம் காண்கிறோம். சரக்கு வண்டியில் பயணம் செய்வோருக்குக் காப்பீட்டு நிறுவனம் பொறுப்பல்ல என்று உச்ச நீதிமன்றம் 2002-இல் தீர்ப்பளித்தது. சரக்கின் உரிமையாளருக்கோ அவருடைய பிரதிநிதிக்கோ மட்டுமே விதிவிலக்கு. வண்டி கவிழ்ந்தால் ஈடு தரவேண்டியவர் வண்டிக்காரர் ஒருவரே. அவரிடம் இல்லாவிட்டால் யாரிடமும் இல்லை. வாடகையில் சில நூறு மிச்சம் பிடிக்க எத்தனை உயிர்களைப் பணயம் வைக்கிறோம்!

இருசக்கர வண்டியில் குறைந்த கட்டணக் காப்பீடு மட்டும் எடுத்திருந்தால், பின்னால் அமர்ந்து செல்லும் மனைவிக்குப் பொதுவாக அதில் இடமில்லை. அவருக்கெனக் கூடுதல் கட்டணம் செலுத்த வேண்டும். வண்டியின் உரிமையாளர் தாமே ஓட்டிச் சென்று தம் தவற்றால் விழுந்து இறந்தால், மூன்றாம் நபர் காப்பீடு அவருக்கு உதவாது. அவருக்கெனவே 15 இலட்சம் ரூபாய்த் தனிநபர் விபத்துக் காப்பீடு உள்ளது. சென்னை உயர் நீதிமன்றத் தீர்ப்பையொட்டி 2018-இல் இத்தொகை உயர்த்தப்பட்டது. ஆனால் உரிய ஓட்டுநர் உரிமம் இருந்தால்தான் இது செல்லும். வண்டிக் காப்பீட்டைப் புதுப்பிக்கும்போது இது சேர்க்கப்பட்டுள்ளதா என்று இன்றே எடுத்துப் பாருங்கள்.

வாகனம் வைத்திருக்கும் நம்மவருக்கும் ஒரு சொல். காப்பீடு இல்லாத வண்டியைச் சாலையில் ஓட்டுவதும், பதினெட்டு நிரம்பாத மகனிடம் சாவியைக் கொடுப்பதும் சட்ட மீறல் மட்டுமல்ல. மனச்சான்றின்முன் கனமான குற்றமும் ஆகும். சிறுவன் ஓட்டி விபத்து நேர்ந்தால் பெற்றோருக்கு 3 ஆண்டு வரை சிறையும் 25,000 ரூபாய் அபராதமும் உண்டு. அதனினும் பெரிது, ஓர் ஏழைக் குடும்பத்தின் ஈட்டை நாமே அழித்துவிடுகிறோம் என்பது. குடிபோதையாலும் வேக வெறியாலும் சாலையில் பிறர் உயிருக்கு ஊறு விளைவிப்போர் கனமான குற்றத்திற்கு ஆளாகின்றனர் என்று 1992-இல் வெளியான திருச்சபையின் மறைக்கல்வி நூல் கூறுகிறது. முட்டும் மாட்டைக் கட்டாதவனின் நிலை நம்முடையதாக வேண்டாம்.

தீர்ப்புக்குப் பின்

தீர்ப்பு வந்ததும் பணம் வந்துவிடும் என்பதில்லை. மேல்முறையீடுகள் நேரலாம். அரசுப் பேருந்து மோதிய வழக்குகளில், தீர்ப்பான தொகை செலுத்தப்படாததால் நீதிமன்ற அமீனா பேருந்து நிலையத்திற்கே வந்து பேருந்தை ஜப்தி செய்யும் காட்சியைத் தமிழ்நாட்டார் நன்கு அறிவர். ஆகவே, தீர்ப்புக்குப் பின்னும் பொறுமையும் விடாமுயற்சியும் தேவை.

பணம் கைக்கு வந்த பின் மற்றொரு சோதனை தொடங்கும். சிறுபிள்ளைகளின் பங்கை அவர்கள் வயதுக்கு வரும் வரை வங்கியில் நிலை வைப்பாக வைக்கத் தீர்ப்பாயம் ஆணையிடும். அதைத் தடையென்று எண்ணி முறுமுறுக்க வேண்டாம்; கடன் கேட்டு வரும் உறவினரிடமிருந்து பிள்ளைகளைக் காக்கும் வேலி அது. மருமகளும் மாமியாரும் இத்தொகையைக் குறித்துப் பிணங்கி நிற்பதைப் போன்ற வேதனை வேறில்லை. மனைவிக்கும் உரிமை உண்டு. பெற்ற தாய்க்கும் உரிமை உண்டு. பங்கைத் தீர்ப்பாயமே வகுத்தளிக்கும். இறந்தவர் இருவரையும் நேசித்தவர் என்பதை நினைவிற் கொண்டால் பிணக்குக்கு இடமேது?

உண்மையினின்று வழுவுதலும் ஆகாது. மோதாத வண்டியை மோதியதாகக் காட்டவும், உரிமம் இல்லாதவனுக்குப் பதில் வேறொருவனை ஓட்டுநராக நிறுத்தவும், இல்லாத வருமானத்திற்குச் சான்று தயாரிக்கவும் ஆலோசனை சொல்வார் இருப்பர். அது பொய்ச்சாட்சியமும் திருட்டும் ஆகும். நீதியைக் கேட்டுச் செல்பவர் கைகள் தூய்மையாய் இருக்க வேண்டும். பொய் வெளிப்பட்டால் உண்மையான உரிமையும் அதனோடு அழியும்.

பங்குகளின் கடமை

அனாதைகளையும் விதவைகளையும் அவர்கள் துன்பத்தில் சந்தித்து ஆதரிப்பதே மாசற்ற பக்தி என்று புனித யாகப்பர் தம் திருமுகத்தில் எழுதியிருக்கிறார். சந்திப்பது என்பது ஒரு வேளை ஆறுதல் கூறித் திரும்புவதோடு முடிவதன்று. பங்கிலுள்ள வழக்கறிஞர்களும் ஓய்வுபெற்ற அரசு அலுவலர்களும் ஒருவரேனும் முன்வந்து, விபத்தில் இறந்தோர் வீட்டிற்கு முதல் மாதத்திலேயே சென்று காகிதங்களைச் சேர்த்துக் கொடுக்கலாகாதா? வின்சென்ட் தே பவுல் சபையார் அரிசியும் துணியும் தருவதோடு, சட்டப்பணிகள் ஆணைக்குழுவின் வாயில்வரை அவ்விதவைக்குத் துணையாய்ச் சென்றால் அது எத்துணைப் பெரிய தருமம்! அன்பியக் கூட்டமொன்றில் அரைமணி நேரம் ஒதுக்கி, 161, 164, 166 என்னும் மூன்று எண்களையும் 6 மாதம் என்னும் கால எல்லையையும் எல்லாருக்கும் விளக்கிவிட்டால், எத்தனையோ பிள்ளைகளின் படிப்பு தடைப்படாமல் நடக்கும்.

சக்கேயு தன் வீட்டில் ஆண்டவரை வரவேற்ற நாளில், தான் வஞ்சித்ததை நான்கு மடங்காகத் திருப்பித்தர முன்வந்தான். அன்றே அவ்வீட்டிற்கு மீட்பு வந்தது என்றார் நம் ஆண்டவர். ஈடுசெய்தல் மீட்போடு இத்துணை நெருங்கியதாயின், ஈட்டைக் கேட்பதில் நாணம் எதற்கு? இறந்தவருக்காக மன்றாடுவோம், தவறிழைத்தவரை மன்னிப்போம், எஞ்சியிருக்கும் சிறுவர்க்கு உரியதைத் தயங்காமல் கேட்டுப் பெற்றுக்கொடுப்போம்.